போடாத துளைகளின் மணல்

உன் மனைவி ஓர் அட்டைப்பெட்டி அனுப்பியிருக்கிறார். போன சனிக்கிழமை காலை உங்கள் வீட்டு டிரைவர் சாந்த்ராகாச்சி வரை வந்தார். எங்கள் கட்டடத்தில் லிஃப்ட் ஓடவில்லை. மூன்று மாடி சுமந்து ஏறி என் வாசலில் இறக்கி வைத்துவிட்டு, "சாரோட ஆபீஸ் சாமான், மேடம். உங்களுக்குப் பயன்படும்னு பௌதி சொன்னாங்க" என்று உன் மனைவியை அண்ணி முறை வைத்து வங்காளத்தில் சொன்னார். அவருக்குத் தண்ணீர் கொடுத்து அனுப்பிவிட்டுப் பெட்டியைப் பிரித்தேன். உள்ளே நாற்பது பிளாஸ்டிக் பைகள். ஒவ்வொன்றிலும் இரண்டு கை மணல். ஒவ்வொன்றின் மேலும் துளை எண், ஆழம், ஊர்ப் பெயர். உன் கையெழுத்து எப்போதுமே அழகு.

பாவம், உன் மனைவிக்குத் தெரியாது. கணவன் நாற்பது ஊர்களில் வெயிலில் நின்று, பூமியைத் துளைத்து எடுத்த மணல் என்று நினைத்திருப்பார். குப்பையில் போட மனம் வரவில்லை போலும். இந்த நாற்பது பைகளும் தீகா கடற்கரையில், நீ தங்கியிருந்த லாட்ஜுக்கு எதிரே, ஒரே மாலையில் வாரிக் கட்டியவை என்பதை அவரிடம் நான் சொல்லப்போவதில்லை. கணவன் போன துக்கத்தில் இருப்பவரிடம் போய்ச் சொல்லும் விஷயமில்லை அது. உன்னிடம் சொல்லலாம். உனக்குத் துக்கம் எதுவும் இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

கடைசி ஆறு வருஷமாக உன்னை நான் 'நீங்கள்' என்றுதான் அழைத்தேன். மற்றவர்கள் அதை மரியாதை என்று எடுத்துக்கொண்டார்கள். ஒரு முறை நீயே காரிடாரில் நிறுத்தி, "என்னது, திடீர்னு நீங்க வாங்கன்னு?" என்று சிரித்தாய். நான் என் மேஜைக்குப் போய்விட்டேன். இன்று 'நீ' என்று எழுதுவது பழைய நட்பைப் புதுப்பிக்க அல்ல. திட்டுவதற்கு 'நீங்கள்' வசதிப்படாது, அவ்வளவுதான்.

நாம் இருவரும் ஒரே வருஷம், ஒரே மாதம் அந்த அலுவலகத்தில் நிலவியலாளர்களாகச் சேர்ந்தோம். நீ லேக் மார்க்கெட் தமிழன். உன் கொள்ளுத்தாத்தா காலத்திலேயே கல்கத்தாவுக்கு வந்து வேரூன்றிய குடும்பம். தமிழைவிட வங்காளம் உனக்கு நன்றாக வரும். கோபம் வந்தால் வங்காளம், பசி வந்தால் தமிழ் என்று உன்னைக் கேலி செய்வோம். நான் வேதாரண்யத்திலிருந்து வந்தவள். ஹவுரா ஸ்டேஷனில் இறங்கிய அன்று எந்தப் பக்கம் படகுத்துறை என்றுகூடக் கேட்கத் தெரியாமல் நின்றவள். பத்துப் பதினைந்து வருஷம் வெவ்வேறு வேலைகளில் அலைந்த பிறகு நம் இருவரையும் ஒரே திட்டத்தில் போட்டார்கள். காந்தி என்ற பெயருள்ள ஊரிலிருந்து தீகா வரைக்கும் விரிந்து கிடக்கும் கடலோரச் சமவெளியின் பழைய கதையை எழுத வேண்டும். அதுதான் வேலை.

அந்தச் சமவெளியைப் பார்க்கிறவனுக்கு அது வெறும் வயலும் குளமும் தென்னையும்தான். ஆனால் காந்தி நகரமே ஒரு பழைய மணல்மேட்டின் முதுகில் உட்கார்ந்திருக்கிறது. ஒரு காலத்தில் கடல் அங்கே வந்து மோதியது. பிறகு பின்வாங்கி வேறொரு கரை போட்டது. மறுபடி பின்வாங்கி இன்னொன்று. இப்படிக் கடல் விட்டுப்போன கரைகள் வரிசை வரிசையாக உள்நாட்டில் கிடக்கின்றன. வரிசைக்கும் வரிசைக்கும் நடுவே பழைய சேற்று நிலம். மேலே நின்று பார்த்தால் பாதி இடங்களில் எது மேடு, எது சேறு என்று தெரியாது. வண்டல் எல்லாவற்றையும் மூடியிருக்கும். திருகித் துளையிடும் ஆகர் கம்பியை இறக்கி, கீழே இருப்பதை மேலே கொண்டுவந்து பார்த்தால்தான் உண்டு.

உனக்கு மட்டும் அது தேவைப்படவில்லை. இதை நான் ஏளனமாகச் சொல்லவில்லை. முதல் குளிர்காலத்தில் ஒரு நாள் காந்தி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு டீக்கடையில் நின்றோம். டீ போடுகிறவரிடம் நீ, "உங்க ஊர்க் கிணத்துத் தண்ணி இனிப்பா, உப்பா?" என்று கேட்டாய். அவர் இனிப்பு என்றார். அடுத்த ஊர்? உப்பு. அதற்கு அடுத்தது? இனிப்பு. நீ சிகரெட் அட்டையைக் கிழித்து அதன் பின்பக்கத்தில் புள்ளி வைத்துக்கொண்டே போனாய். அன்றைக்குப் பொழுது சாய்வதற்குள் பதினேழு ஊர்களில் கேட்டுவிட்டோம். மணல்மேடு மழைத் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும், அதனால் மேட்டுக் கிணறு இனிக்கும்; சேற்று நிலத்துக் கிணறு கரிக்கும். இனிப்புப் புள்ளிகளை நீ பென்சிலால் சேர்த்தபோது பழைய கடற்கரை ஒன்று அந்த அட்டையில் வளைந்து கிடந்தது. துளை போட்டுப் பார்த்தபோது அதே இடத்தில் மணல், நீ சொன்ன ஆழம் வரைக்கும்.

ஜீப்பில் திரும்பும்போது, "நீ எப்படிடா இதை யோசிச்சே?" என்று என்னை அறியாமல் கேட்டுவிட்டேன். அதுவரை 'நீங்க'தான். 'டா' போட்டதற்கு நானே வெட்கப்பட்டேன். நீ ரொம்ப நேரம் சிரித்தாய். அன்றைக்கு உன்னைப் போல இன்னொருவன் இந்த நாட்டில் இல்லை என்று நினைத்தேன். இப்போதும் அந்த ஒரு நாளை உன்னிடமிருந்து பிடுங்கிக்கொள்ள எனக்கு உரிமை இல்லை. மற்ற நாட்களை எல்லாம் பிடுங்கிக்கொள்கிறேன்.

அடுத்த குளிர்காலத்தில் நிலத்தை இரண்டாகப் பிரித்துக்கொண்டோம். மேற்கு எனக்கு, கிழக்கு உனக்கு. ஆளுக்கு நாற்பது துளை. பிரிவதற்கு முன் ஒரு வாரம் சேர்ந்தே சுற்றிப் பார்த்தோம். உன் பங்கில் வந்த ஒரு சின்ன ஊரில் பள்ளிக்கூடம் ஒன்று இருந்தது. பள்ளிக் கைப்பம்பில் தண்ணீர் குடித்துவிட்டு, "இனிப்பு" என்று வரைபடத்தில் புள்ளி வைத்தாய். மதியச் சாப்பாடு சமைக்கும் அம்மா, எல்லோரும் மாஸி என்று கூப்பிடுகிறவர், அடுப்படியிலிருந்து எழுந்து வந்து, "ஐயா, இந்தப் பம்பு ரொம்ப ஆழம். அரசாங்கம் போட்டது. மேல்தண்ணி உப்புதான். அந்தக் குளம் வெட்டினபோது கறுப்பு மண்ணும் மரத்துண்டும் வந்துச்சு, நாத்தம் தாங்கல" என்றார். நீ அவர் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. "மாஸி, நீங்க பருப்பைப் பாருங்க, மண்ணை நாங்க பாத்துக்கறோம்" என்றாய். பள்ளியில் இருந்தவர்கள் சிரித்தார்கள். மாஸியும் சேர்ந்து சிரித்துவிட்டு உள்ளே போனார். நான் சிரிக்கவில்லை. மாஸி சொன்னதை என் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன். எழுதிக்கொண்டதோடு சரி.

அதன் பிறகு நான் மேற்கில் முழங்கால் தேயத் துளை போட்டுக்கொண்டிருந்தேன். நீ தீகாவில் லாட்ஜ் எடுத்தாய். கடலைப் பார்த்த பால்கனி, ஏ.சி. அறை. உன்னோடு வந்த கூலி ஆட்களுக்கு இரண்டே நாள் வேலை கொடுத்துவிட்டு, மழை, ஜீப் ரிப்பேர் என்று காரணம் சொல்லித் திருப்பி அனுப்பினாயாம். இதெல்லாம் அவர்கள் எனக்குப் பிறகு சொன்னது. மத்தியானம் பொரித்த வவ்வால் மீன், சாயங்காலம் கடற்கரையில் நடை. இப்படி மூன்று வாரம். நாற்பது துளைகளின் பதிவேட்டையும் அறையில் உட்கார்ந்து எழுதி முடித்தாய். எத்தனை அடியில் மணல், எத்தனை அடியில் களிமண், என்ன நிறம், என்ன ஈரம். ஒரு அடித்தல் திருத்தல் கிடையாது. வெயிலில் நின்று எழுதுகிறவன் பதிவேட்டில் வியர்வைக் கறை இருக்கும், சேற்றுக் கைரேகை இருக்கும். உன்னுடையது கல்யாணப் பத்திரிகை மாதிரி இருந்தது. அதைப் பார்த்து நான் பொறாமைப்பட்டேன் என்றால் இப்போது எனக்கே நம்ப முடியவில்லை.

கண்டுபிடித்தது தற்செயல். உன் பைகளையும் என் பைகளையும் சேர்த்து மைக்ரோஸ்கோப்பில் பார்த்து அட்டவணை போடும் வேலை என்னிடம் வந்தது. மிகப் பழைய மேட்டின் மணல் என்று நீ எழுதியிருந்த பையில், பத்தடி ஆழத்து மணலில், ஒரு நீல நூல் கிடந்தது. மீன்வலை நைலான். எங்கிருந்தோ காற்றில் விழுந்தது என்று எடுத்துப் போட்டுவிட்டு அடுத்த பையைத் திறந்தேன். பளபளவென்று உடைந்த சிப்பித் துணுக்குகள். ஆயிரக்கணக்கான வருஷம் மழைத் தண்ணீர் இறங்கிய மேட்டில் சிப்பி இப்படிப் பளபளக்காது, கரைந்து போயிருக்கும். மணலும் துருவேறி மஞ்சளாகியிருக்கும். அடுத்த பை. அதற்கடுத்த பை. இரண்டு நாளில் நாற்பதையும் பார்த்தேன். நாற்பதும் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள். மூன்று பைகளில் நீல நூல். ஒன்றில் சிகரெட்டின் பஞ்சு முனை. நீ குடிக்கும் அதே பிராண்டா என்று தெரியவில்லை. அவ்வளவு கேவலமாக இருக்காது என்று நினைத்துக்கொண்டேன்.

லேக் மார்க்கெட்டில் நாம் வழக்கமாகப் போகும் டிபன் கடைக்கு உன்னை அழைத்துப் போனேன். காபி வந்தது. நூலை ஒரு கண்ணாடிச் சில்லில் வைத்து மேஜை மேல் தள்ளினேன். நீ பதறவில்லை. அதுதான் என்னை முதலில் கலங்கடித்தது. ஆற்றி ஆற்றி ஒரு வாய் காபி குடித்துவிட்டு என்னைப் பார்த்தாய்.

"கோடு சரியா இருக்கா, இல்லையா? அதைச் சொல்லு."

"துளை போட்டாத்தானே தெரியும்" என்றேன்.

"எனக்குப் போடாமலே தெரியும். உனக்கே தெரியும் எனக்குத் தெரியும்னு."

பிறகு நீ குரலைத் தாழ்த்தி, அறிக்கையின் மேல் அட்டையில் என் பெயரும் இருப்பதை நினைவுபடுத்தினாய். அடுத்த மாதம் எனக்குப் பதவி உயர்வு நேர்காணல் என்பதையும் அக்கறையோடு விசாரித்தாய். மிரட்டல் தொனியே இல்லை. வேண்டியவர்கள் பேசுகிற மாதிரிதான் பேசினாய். எழுந்து போகும்போது கண்ணாடிச் சில்லை எடுத்து, அந்த நூலை ஊதித் தரையில் விட்டாய்.

வரைபடம் அச்சாகி வந்தது, அதோடு ஓர் ஆய்விதழில் நம் கட்டுரையும். எனக்குப் பதவி உயர்வும் வந்தது. நான் வாய் திறக்கவில்லை. பதினாலு மாதம்.

அந்தப் பதினாலு மாதத்தில் அந்தச் சின்ன ஊர்ப் பள்ளியில் ஒரு மாடிக் கட்டடம் எழுந்தது. மற்ற நாளில் வகுப்பறை, புயல் வந்தால் ஊருக்கே அடைக்கலம். கட்டியவர்கள் நம் வரைபடத்தைப் பார்த்தார்கள். அதில் பழைய கடற்கரை மேடு பள்ளியின் அடியிலேயே போனது. திடமான மணல். ஒரே மூலையில் சோதித்தார்கள், மணல்தான் வந்தது, திருப்தியாகி அஸ்திவாரத்தை மேலாகவே போட்டுவிட்டார்கள். அடுத்த மழைக்காலம் முடிந்தபோது தலைமையாசிரியர் நம் அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். சுவரில் கை நுழையும் அளவுக்கு வெடிப்பு. படம் வைத்திருந்தார். யாராவது வந்து மண்ணைப் பார்க்க முடியுமா என்று கேட்டிருந்தார். நீ அதில் 'கோப்பில் வைக்கவும்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாய். கோப்பு என் மேஜை வழியாகப் போனது.

விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு மறுநாள் காலை ரயிலில் போனேன். அலுவலகத்து ஆகர் கம்பியை யாரையும் கேட்காமல் எடுத்துப் போனேன், அதையும் எழுதிவிடுகிறேன். ஊர் ஆட்கள் இரண்டு பேர் திருகினார்கள். மாஸி அடுப்பை வேறொருத்தியிடம் விட்டுவிட்டு வந்து பக்கத்தில் நின்றார். வெடிப்பு விட்ட சுவருக்கு வெளியே ஒன்றரை மீட்டர் வரைக்கும் மணல். அப்புறம் சாம்பல் நிறச் சேறு. அப்புறம் கம்பி தானாகவே இறங்கியது. திருகவே வேண்டியிருக்கவில்லை. மேலே இழுத்தபோது கரியும் களியுமாக, அழுகிய முட்டை நாற்றத்தோடு வந்தது. நடுவில் விரல் மொத்தத்துக்கு ஒரு மரத்துண்டு. கடல் அங்கே கரை போட்டதே இல்லை. அது ஒரு பழைய கழிமுகச் சதுப்பு. காட்டு மரங்கள் சேற்றில் விழுந்து அப்படியே கிடந்திருக்கின்றன. மேலே கிடந்தது காற்று கொண்டுவந்து தூவிய மணல், அவ்வளவுதான். மாஸி மூக்கை முந்தானையால் பொத்திக்கொண்டு, "நான் சொன்னேனே" என்றார். கோபமே இல்லாமல் சொன்னார்.

அந்தக் குளிர்காலமும் அடுத்ததும் வார விடுமுறைகளில் போய் உன் நாற்பது இடங்களிலும் துளை போட்டேன். இப்போது உனக்கு ஒரு செய்தி சொல்லட்டுமா? நாற்பதில் முப்பத்தாறு இடங்களில் நீ எழுதியதே இருந்தது. லாட்ஜ் அறையில் உட்கார்ந்து, மீன் முள்ளை எடுத்துக்கொண்டே நீ எழுதிய ஆழங்கள். சில இடங்களில் அரை அடி வித்தியாசம்கூட இல்லை. ஒவ்வொரு முறை நீ சொன்னது சரியாக வந்தபோதும் எனக்கு ஆத்திரம்தான் கூடியது. ஒன்றும் தெரியாதவன் ஏமாற்றினால் பரிதாபப்படலாம். வயிற்றுப்பிழைப்பு என்று விட்டுவிடலாம். உனக்குக் கண் இருந்தது. ஜீப்பிலிருந்து இறங்கி நூறு அடி நடந்து அந்தக் குளத்தின் விளிம்பில் குனிந்திருந்தால் நீயே மாஸிக்கு முன்னால் கண்டுபிடித்திருப்பாய். பூட்ஸ் அழுக்காகிவிடும் என்று நடக்கவில்லை. அதைவிடச் சின்னக் காரணம் எதையாவது நான் இன்னும் தேடிக்கொண்டுதான் இருக்கிறேன், கிடைக்கவில்லை.

பள்ளிக்கூடத்தில் போட்ட முதல் துளையின் முடிவை ஊரிலிருந்து திரும்பியதுமே எழுதி உன் மேஜையில் வைத்திருந்தேன். அப்போது நீதான் பிரிவுத் தலைவர். "பார்க்கிறேன்" என்றாய். மூன்று முறை கேட்டேன், மூன்று முறையும் பார்த்துக்கொண்டே இருந்தாய். அடுத்த வைகாசியில் புயல் வந்தது.

பட்டப்பகலில் வானம் கறுத்து, காற்று திரும்பிய பிறகுதான் ஊர்க்காரர்கள் பள்ளிக்கு ஓடியிருக்கிறார்கள். வெடிப்பு பெரிதானதால் தலைமையாசிரியர் கட்டடத்தைப் பூட்டி வைத்திருந்தார். பூட்டியது சரிதான்; இரண்டு மணி நேரத்தில் பின்பக்கச் சுவர் விழுந்தது. கிழவர்களையும் பிள்ளைகளையும் தூக்கிக்கொண்டு எல்லோரும் கால் மணி நடை தூரத்தில் இருந்த நிஜ மணல்மேட்டுக்குப் போனார்கள். அவர்களுடைய பாட்டன்கள் போன இடம். முந்திரி மரங்களுக்கு நடுவே தார்ப்பாய் கட்டி ஒருவர் மேல் ஒருவராக உட்கார்ந்திருந்தார்கள். கிளை முறிந்து விழுந்ததில் மாஸியின் மருமகளுக்குத் தோள்பட்டை உடைந்தது. அந்தக் கை இன்று வரை மேலே தூக்க வராது.

அதற்கடுத்த வாரம் அலுவலகத்தில் கூட்டம் போட்டார்கள். நான் என் துளைப் பதிவையும், தலைமையாசிரியர் கடிதத்தையும் எடுத்து மேஜையில் வைத்துப் பேசினேன். பேசி முடித்ததும் நீ நாற்காலியில் சாய்ந்து, எல்லோருக்கும் கேட்கும்படி, தமிழில் என்னிடம் கேட்டாய்: "யாரும் சாகலையே?"

அங்கே தமிழ் தெரிந்தவர்கள் நாம் இரண்டு பேர்தான். மற்றவர்கள் நீ ஏதோ ஆறுதல் சொன்னதாக நினைத்தார்கள். அந்த நிமிஷத்திலிருந்துதான் 'நீங்கள்'.

மேலிடத்துக்கு எழுதினேன். நம் கட்டுரையை வெளியிட்ட இதழுக்கும் எழுதினேன். திருத்தம் வந்தது. அதற்கு ஒரு வருஷம் ஆனது. வந்தபோது அதில் முதல் பெயர் உன்னுடையது. 'ஆசிரியர்கள் தொடர்ந்து மேற்கொண்ட மறு ஆய்வில்' என்று தொடங்கி, பள்ளிக்கூடத்துச் சதுப்பு நிலம் உன் கண்டுபிடிப்பாகியிருந்தது. பைகளைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அதன் பிறகு நீ ஊர் ஊராகப் போய்ப் பேசினாய். கடலோரச் சமவெளியின் திருத்தப்பட்ட வரலாறு. ஒரு கூட்டத்துக்கு நானும் வந்தேன், கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். ஆகர் கம்பி சேற்றில் தானாக இறங்கிய அந்தக் கணத்தை நீ அவ்வளவு அழகாக வர்ணித்தாய். கையில் எடை திடீரென்று இல்லாமல் போவது, மூக்கில் ஏறும் நாற்றம். எல்லாம் என் அறிக்கையில் இருந்த வரிகள். ஒரு இடத்தில் உன் தொண்டை கரகரத்தது. பக்கத்தில் இருந்த மாணவி ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அன்றைக்கு எனக்குக் கோபம்கூட வரவில்லை. ஒரு மனிதன் இவ்வளவு மலிவாகத் தன்னைக் கொடுத்துவிட முடியுமா என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிறகு நீ செத்துப்போனாய். காலையில் ஏரிக்கரையில் நடந்துவிட்டு வந்து, படிக்கட்டில் உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை என்றார்கள். அலுவலகத்தில் கூட்டம் வைத்தார்கள். உன் படத்துக்கு ரஜனிகந்தா மாலை, வந்தவர்களுக்கு அட்டைப்பெட்டியில் சிங்காடாவும் சந்தேஷும். 'மண்ணோடு பேசியவர்' என்றார் ஒருவர். மண் பேசியிருந்தால் உன்னைப் பார்த்து முதலில் லாட்ஜைக் காலி செய் என்றுதான் சொல்லியிருக்கும். என்னையும் பேசக் கூப்பிட்டார்கள். மேடை ஏறினேன். உன் மனைவி முதல் வரிசையில் வெள்ளைச் சேலையில் உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். டீக்கடையில் நீ கிணற்றுத் தண்ணீரைப் பற்றிக் கேட்ட கதையைச் சொன்னேன். எல்லோரும் கைதட்டினார்கள். பொய் எதுவும் சொல்லவில்லை. ஆனால் இறங்கி வரும்போது, நீ சொல்லும் வகைப் பேச்சைத்தான் நானும் பேசியிருக்கிறேன் என்று தோன்றியது.

அதனால்தான் போன மாதம் அந்த ஊருக்குப் போனேன். வேலை எதுவும் இல்லை. பள்ளிக்குப் புதுக் கட்டடம் வந்துவிட்டது, இந்தத் தடவை ஆழமாகத் தூண் இறக்கிக் கட்டியிருக்கிறார்கள். மாஸிக்குத் தலை முழுக்க நரைத்துவிட்டது. இப்போதும் அவர்தான் சமைக்கிறார். 'திதிமணி' என்று அக்கா முறை வைத்துக் கூப்பிட்டு வாசலில் பாய் போட்டு உட்காரவைத்து, முரி என்கிற பொரியில் கடுகெண்ணெயும் பச்சைமிளகாயும் போட்டுக் கலந்து தட்டில் வைத்தார். "பருப்பைப் பாருங்கன்னு சொன்னாரே, அந்த ஐயா எப்படி இருக்கார்?" என்று கேட்டார். செத்துப்போய்விட்டார் என்றேன். "ஐயோ பாவம், வயசு அதிகமில்லையே" என்றார். நிஜமாகவே வருத்தப்பட்டார். அது எனக்குப் பொறுக்கவில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். லாட்ஜ், நாற்பது பை, நீல நூல். உன்னைப் பற்றிச் சொல்லச் சொல்ல எனக்கு நாக்கு சரளமானது. இத்தனை வருஷம் ஒருத்தரிடமும் சொல்லாத வசவெல்லாம் வங்காளத்தில் தடையில்லாமல் வந்தது.

மாஸி குறுக்கிடாமல் கேட்டார். மருமகள் உள்ளேயிருந்து ஒரு கையால் செம்பில் தண்ணீர் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். அவள் போகும்வரை காத்திருந்துவிட்டு மாஸி கேட்டார்: "இது உனக்கு எப்பத் தெரியும், திதிமணி? கட்டடம் கட்டறதுக்கு முன்னாலயா, பின்னாலயா?"

"முன்னால" என்றேன்.

அவர் தட்டிலிருந்த முரியை விரலால் அளைந்துகொண்டிருந்தார்.

"அப்ப அந்த ஐயாவுக்குத் தெரியாது. அவர் பாக்கவே இல்ல. நீ பாத்தே."

அவ்வளவுதான் சொன்னார். பிறகு எழுந்துபோய்க் குளத்தங்கரையில் பாத்திரம் தேய்க்கிறவளிடம் ஏதோ பேசினார். திரும்பி வந்து, நான் சாப்பிடாமல் இருப்பதைப் பார்த்து, நமத்துப்போகும், சாப்பிடு என்றார். சாப்பிட்டேன். கடைசி ரயிலுக்கு நேரமாகிவிடும் என்று பஸ் ஸ்டாண்ட் வரைக்கும் அவரே வந்து ஏற்றிவிட்டார்.

உன்னை நான் மன்னிக்கவில்லை. உன்னை நினைக்கும்போது வருகிற இளக்காரம் துளியும் குறையவில்லை. நான் சாகும்வரை குறையப்போவதும் இல்லை. அது எனக்கு ஒரு பாரமே அல்ல, சொல்லப்போனால் பல நாள் அதில் சாய்ந்துகொண்டுதான் நடந்திருக்கிறேன். நான் தூக்கிக்கொண்டு திரிவது வேறு. இரண்டே வார்த்தை. ஹவுரா பாலத்தில் பஸ் நிற்கும்போது, அலுவலகத்தில் யாராவது ஒரு பதிவேட்டைக் கையெழுத்துக்கு நீட்டும்போது, சில நாள் பல் தேய்க்கும்போது, அந்த அம்மா குரல் உயர்த்தாமல் சொன்னது காதில் விழுகிறது.

நீ பாத்தே.